மன்னார் அன்ரியின் பழைய நம்பர்

மன்னார் அன்ரியின் செல்போனை நான் முதலில் பார்த்தது ஒரு பிளாஸ்டிக் பைக்குள். இறைச்சியைப் போட்டு ஃபிரிஜ்ஜுக்குள் வைக்கும் தடித்த பை அது. அதன் மூலையில் ஓட்டை போட்டு, அன்ரெனாவை முழுதாக வெளியே இழுத்து விட்டிருந்தார். எங்கள் கடையின் கண்ணாடி மேசையில் அதை வைத்தவர், வைத்த பிறகும் அதன் மேலிருந்து கையை எடுக்கவில்லை. தொண்ணூறுகளின் பிற்பகுதி அது. ரொறொன்ரோவின் ஸ்காபரோ பகுதியில் ஒரு பிளாசாவில், மரக்கறிக் கடைக்கும் சலூனுக்கும் நடுவே இருந்த செல்போன் கடையில் நான் வேலைக்குச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகியிருக்கவில்லை. பைக்குள் வைத்துக்கொண்டா கதைப்பீர்கள் என்று கேட்டேன். கொஞ்சம் நக்கலாகத்தான் கேட்டேன். ஒஷாவாவில் கோழி பொதி செய்யும் தொழிற்சாலையில் வேலை, நிலமெல்லாம் தண்ணீர், நனைந்தால் பழுதாகிவிடும் என்று பொறுமையாகச் சொன்னார். பிறகு வந்த விஷயத்துக்கு வந்தார்.

"பிள்ளை, ஒஷாவாவில இது வேலை செய்யுதில்லை. பார்க்கிங் லொட்டின்ர கடைசி மூலைக்குப் போனாத்தான் கொஞ்சம் சிக்னல் வருது. உங்கட கொம்பனி போன் அங்க நல்லா வேலை செய்யுதாம். இந்த நம்பரோடயே உங்களிட்ட மாறி வரலாமோ?"

ஏலாது என்று சொன்னேன். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு அது விளங்காது. அப்போது ரொறொன்ரோவில் உங்கள் செல்போன் நம்பர் உங்களுடையது அல்ல, கம்பனியுடையது. கம்பனியை விட்டுப் போனால் நம்பரையும் விட்டுப் போகவேண்டும். போனின் விலையைக் கம்பனியே போட்டு, இலவசம் என்று கையில் தந்து, மூன்று வருட ஒப்பந்தத்தில் கட்டிப்போடும். மூன்று வருடம் முடிந்து நல்ல பிள்ளையாக அங்கேயே இருந்தால் புது போன் இல்லை. இன்னொரு கம்பனிக்குப் போனால் புது போன் உண்டு, ஆனால் பழைய நம்பர் இல்லை. நம்பரும் சலுகையும் இரண்டும் வேண்டும் என்று கேட்டவர்களை ஏதோ பேராசைக்காரர்கள் போலப் பார்க்க எங்களைப் பழக்கியிருந்தார்கள். நானும் அந்த விதியைப் பாடமாக்கி வைத்திருந்து, எவ்வளவு கெட்டித்தனமாக ஒப்புவித்தேன்! அதை நினைத்தால் இப்போதும் எனக்கு என்மேல் எரிச்சல் வருகிறது.

அன்ரி எழும்பிப் போகவில்லை. ஏன் அந்த நம்பர்தான் வேண்டும் என்று சொன்னார். அவருடைய ஒரே மகன், ஆட்களைக் கள்ளமாக வெளிநாட்டுக்கு அனுப்பும் ஏஜென்ற் ஒருவனோடு கொழும்பிலிருந்து வெளிக்கிட்டு, ஆபிரிக்காவில் ஏதோ ஒரு நகரத்தில் மாட்டுப்பட்டு நின்றான். கடைசியாகக் கதைத்து ஐந்து மாதம். பிடிபட்டால் தன் பெயர் வெளியே வரும் என்று ஏஜென்ற் பொடியன்களின் பை, கொப்பி, துண்டுக் கடதாசி எல்லாவற்றையும் பறித்துவிடுவானாம். அதனால் அந்தக் கடைசிக் கோலில் அன்ரி மகனுக்குத் தன் நம்பரை வாய்ப்பாடு போல ஒப்புவிக்க வைத்திருக்கிறார். முன்னிருந்து ஒருக்கால், பின்னிருந்து ஒருக்கால். அவன் இருக்குமிடம் தெரியாது, அவனுக்குப் போன் எடுப்பதற்கு ஒரு நம்பரும் கிடையாது. அன்ரி மோர்னிங்சைட்டில் ஒரு பேஸ்மென்ற் அறையில் வாடகைக்கு இருந்தார். வீட்டுப் போன் மேல்மாடிக்காரருடையது. பகல் முழுக்க ஒஷாவாவில் வேலை. ஆகவே அவனுடைய குரல் வரக்கூடிய ஒரே வழி அந்தப் பைக்குள் இருந்தது.

"அப்ப இதையே வச்சிருங்கோ அன்ரி, ஒண்டும் மாத்தாதேங்கோ" என்றேன். ஆர் பேரில் எடுத்தது என்றும் கேட்டேன். "தெரிஞ்ச தம்பி ஒராள்" என்றதோடு நிறுத்திக்கொண்டார். நானும் தோண்டவில்லை. அகதி வழக்கு முடியாதவர்களுக்கும் வந்து கொஞ்சக் காலமானவர்களுக்கும் கம்பனி போன் கொடுக்காது. கிரெடிட் உள்ள யாராவது தங்கள் பெயரில் எடுத்துக் கொடுப்பார்கள். யார் பெயரில் எடுத்தது என்று வெளியே சொல்வதில்லை. சொன்னால் உதவி செய்தவருக்கு ஏதும் கரைச்சல் வருமோ என்ற பயம். எங்கள் சனத்துக்குள் அது எழுதாத ஒழுங்கு.

இரண்டு மூன்று கிழமை கழித்து ஒரு சனிக்கிழமை என் அத்தான், அக்காவின் கணவர், சிரித்த முகத்தோடு கடைக்குள் வந்தார். அத்தான் கனடாவுக்கு முந்தி வந்தவர், பிரஜாவுரிமை எடுத்தவர், ஒரு பில்லும் பிந்திக் கட்டாதவர். அந்தக் கிரெடிட்டை அவர் வைத்திருந்தது கோயில் வாசலில் தண்ணீர்ப் பந்தல் வைப்பதுபோல, கேட்டவருக்கெல்லாம் கொடுக்க. தன்னுடையதோடு சேர்த்து ஐந்து போன்கள் அவர் பெயரில் ஓடிக்கொண்டிருந்தன. ஐந்துக்கும் ஒப்பந்தம் முடிந்துவிட்டது என்றும், ஐந்தையும் எங்கள் கடைக்கு மாற்றப்போவதாகவும் சொன்னார்.

"எல்லாருக்கும் புது போன், மச்சாள். உனக்கும் கொமிசன் வரட்டும். எழுது."

நம்பர்கள் மாறும், போன் வைத்திருக்கிறவர்களிடம் கேட்டீர்களா என்று நான் கேட்டது உண்மை. "அதெல்லாம் நான் பாத்துக்கொள்ளுவன், நீ எழுது" என்றார். நான் எழுதினேன். ஐந்து படிவத்திலும் அத்தானின் பெயர்தான் இருந்தது. அவற்றில் ஒன்று யார் கையில் எந்தப் பைக்குள் கிடக்கிறது என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. ஒழுங்கு அப்படி. வீட்டுக்குப் போன கையோடு பழைய கம்பனிக்கு எடுத்து ஐந்து லைனையும் வெட்டச் சொல்லிவிட்டு, அன்று பின்னேரமே புதுப் பெட்டிகளைக் காரில் ஏற்றிக்கொண்டு வீடு வீடாகக் கொடுத்து வந்தார். அன்ரி ஒஷாவாவில் படும் பாட்டை அவரும் கேள்விப்பட்டிருந்தார். அன்ரிக்குத்தான் இது பெரிய சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்து, அந்தப் பெட்டியைக் கடைசியாகக் கொண்டுபோனாராம். நம்பர்தான் வேறு, மகனுக்குச் சொல்லிவிடுங்கோ என்றாராம். "எங்க சொல்லுறது தம்பி?" என்று அன்ரி கேட்ட பிறகுதான், தான் செய்த வேலை அத்தானுக்கு விளங்கியிருக்கிறது.

திங்கட்கிழமை இருவரும் கடைக்கு வந்தார்கள். அத்தானின் முகத்தைப் பார்த்ததும் எனக்கு எல்லாம் விளங்கியது. அன்ரி வேலைக்கு லீவு போட்டிருந்தார். அதற்குப் பிறகு நாங்கள் பட்ட பாடு கொஞ்சமல்ல. பழைய கம்பனிக்கு எடுத்தால் முதலில் இசை, பிறகு இன்னொரு இசை. நான் கதைத்தால் கணக்குக்காரர்தான் கதைக்க வேண்டும் என்பார்கள். அத்தான் கதைத்தால் அவருக்குக் கணக்கே இல்லை, அதை அவரே வெட்டிவிட்டாரே என்பார்கள். மேலதிகாரியைக் கேட்டால் மேலதிகாரியும் அதையே இன்னும் மரியாதையாகச் சொல்வார். முழு விலைக்குப் போன் வாங்குகிறேன், இன்னும் மூன்று வருடத்துக்கு எழுதித் தருகிறேன், அந்த நம்பரை மட்டும் தாருங்கள் என்று அத்தான் கெஞ்சினார். தாராளமாக வாருங்கள், ஆனால் நம்பரைக் கம்பியூட்டர்தான் தெரிவு செய்யும் என்றார்கள். ஒரு தாயையும் மகனையும் இணைத்திருந்த பத்து இலக்கம் ஒரு கம்பியூட்டரின் குலுக்கலுக்குள் விழுந்துவிட்டது. அதை வெளியே எடுத்துத் தர ஒரு மனிதருக்கும் அதிகாரம் இல்லையாம். கதைத்தவர்களில் ஒருவர்கூடக் கெட்டவர் இல்லை, அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரம். திட்டுவதற்குக்கூட ஆள் அகப்படவில்லை.

ஒவ்வொரு நாளும் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் அந்த நம்பருக்கு எடுத்துப் பார்ப்பேன். இது சேவையில் இல்லை என்று பதிவுக் குரல் சொல்லும். அத்தானும் எடுப்பார். அக்கா வீட்டில் சாப்பாடு இறங்கவில்லை. அன்ரி எங்களை ஒரு சொல் ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். புது போன் ஒஷாவாவில் மிக நன்றாக வேலை செய்தது. அதில் கோல்தான் வரவில்லை.

பிறகு அக்காவும் அத்தானும் ஊருக்குப் போனபோது நானும் லீவு போட்டுக் கூடப் போனேன், அந்த இரண்டு கிழமையும் நாங்கள் ஒருவரும் அந்த நம்பருக்கு எடுக்கவில்லை. திரும்பி வந்த முதல் நாள் அன்ரியும் கடைக்கு வந்திருந்தார். அவருக்கு முன்னாலேயே எடுத்தேன். பதிவுக் குரலுக்குப் பதிலாக மணி அடித்தது. ஓர் ஆண் குரல் ஆங்கிலத்தில் "யார்?" என்றது. கூரை வேலைக்காரராம். பின்னால் சுத்தியல் சத்தம் கேட்டது. நம்பர் கிடைத்துக் கொஞ்ச நாள்தான் ஆகிறதாம். நான் சொல்லத் தொடங்க, அவர் என்னை முந்திக்கொண்டு கத்தினார். விளங்காத பாஷையில் ஒருவன் எடுத்து எடுத்துத் தொல்லை தருகிறான், அவன் உங்கள் ஆளா? போன கிழமை நாலு தரம்! தவறான நம்பர் என்று சொல்லிச் சொல்லி வைத்தேன்!

போனைக் கையால் பொத்திக்கொண்டு அன்ரியைப் பார்த்தேன். பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன்.

"அன்ரி, ஒரு பொடியன் எடுத்தவனாம். நாலு தரமாம். இந்த ஆள் வச்சிட்டாராம்."

"எப்ப?"

"போன கிழமை."

அன்ரி சிலுவை போட்டுக்கொண்டு, வாடிக்கையாளர்களுக்காகப் போட்டிருந்த கதிரையில் பொத்தென்று இருந்தார். "அப்ப இருக்கிறான்" என்றார். "போன கிழமை வரைக்கும் இருந்திருக்கிறான், பிள்ளை." பிறகு என் கையிலிருந்து போனை வாங்கி, அந்தக் கூரைக்காரரிடம் "தாங்க் யூ சேர், தாங்க் யூ, தாங்க் யூ" என்றார். மகனின் குரலை நாலு தரம் வெட்டியவருக்கு நன்றி! எனக்கு அழுவதா கத்துவதா என்று தெரியவில்லை. அந்த மனிதர் நல்லவர்தான். விஷயம் விளங்கியதும் சத்தம் அடங்கி, புது நம்பரை எழுதிக்கொண்டார். இனி எடுத்தால் சொல்வதாக வாக்குக் கொடுத்தார். மகன் அதன்பிறகு அந்த நம்பருக்கு எடுக்கவேயில்லை.

அடுத்த வருடம் ஜேர்மனியில் இருந்து, சொந்தக்காரர் ஒருவர் மூலமாகச் சுற்றி வளைத்து மகனின் செய்தி வந்தது. அந்தக் கிழமை ஏஜென்ற் இரண்டு குழுக்களை ஆயத்தமாக வைத்திருந்தானாம், ஒன்று கனடாவுக்கு, ஒன்று ஐரோப்பாவுக்கு. கனடாக் குழுவில் சேர, அங்கே பொறுப்பெடுக்க ஆள் உண்டு என்று போனில் ஒரு குரல் சொல்ல வேண்டும், அவ்வளவுதான். நாலு தரமும் அதே முரட்டுக் குரல். நம்பர் மாறியிருக்கும் என்று மகன் நினைக்கவில்லை. அம்மா மாற்றமாட்டார் என்று அவனுக்குத் தெரியும். தான்தான் ஓர் இலக்கத்தை மறந்துவிட்டதாக நினைத்து, கடைசி இலக்கத்தை மாற்றி மாற்றி யார் யாருக்கோ எடுத்துப் பார்த்திருக்கிறான். பிறகு ஐரோப்பாவுக்குப் போகிறவர்களோடு ஏறிவிட்டான். அங்கேயே வேலை, கலியாணம், பிள்ளைகள். அன்ரி இங்கேயே. இத்தனை வருடத்தில் இருவரும் ஒரே வீட்டில் இருந்த நாட்களை எண்ணினால் சில மாதங்கள்கூடத் தேறாது.

போன மாதம் மோர்னிங்சைட்டில் அன்ரியின் வீட்டுக்குப் போயிருந்தேன். என் கையால் எழுதிய அதே கம்பனியில், அதே புது நம்பரில்தான் இன்னும் இருக்கிறார். பில்லைப் பார்த்தேன், அநியாயம். வேறு கம்பனிக்கு மாறுங்கோ, புது போனும் தருவார்கள் என்றேன். தலையை ஆட்டினார், மகனுக்குத் தெரிந்த நம்பர் இது என்றார். இப்போது நம்பர் போகாது, கூடவே கொண்டு போகலாம், கனகாலமாக அப்படித்தான், இரண்டு மணித்தியால வேலை என்று விளக்கினேன். பழைய பழக்கத்தில் கெட்டித்தனமாகத்தான் விளக்கினேன்.

அன்ரி என்னை வடிவாக உற்றுப் பார்த்தார்.

"இரண்டு மணித்தியாலமோ?"

"ஓம் அன்ரி."

"அப்ப அண்டைக்கு ஏன் பிள்ளை ஏலாமப் போனது?"

கம்பனிகள், சட்டம் என்று ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவர் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. ஜேர்மனியில் மகன் வேலையால் வரும் நேரம் என்று சொல்லிவிட்டு, போனை எடுத்துக்கொண்டு அறைக்குள் போனார்.