நான் எழுதிய எட்டாம் விதி

மயிலாப்பூரில் வக்கீல் தொழில் பார்க்கும் எனக்குப் பந்தை உதைக்கக்கூடத் தெரியாது. எங்கள் ஏரியா ஃபுட்பால் கிளப்புக்கு விதிமுறை எழுதித் தரச் சொன்னார்கள், எழுதினேன். பழைய தலைவர் பாதி சீசனில் கைகழுவிவிட்டுப் போயிருந்தார். அந்த எரிச்சலில் எட்டாவதாக ஒரு விதி சேர்த்தேன்: அடுத்த தலைவரைப் பொதுக்குழு தேர்ந்தெடுக்கும்வரை இருப்பவர் விலக முடியாது. எல்லோரும் கைதட்டினார்கள். கைதட்டிய கையோடு என்னையே தலைவராக்கிவிட்டார்கள்.

ஒன்பது வருஷம் ஆகிறது. கோர்ட்டில் வாய்தா வாங்கிவிட்டு வந்து, மைதானத்தில் தேங்கிய மழைத்தண்ணியை இறைக்க மோட்டார் தேடி அலைகிறேன். மூன்று முறை ராஜினாமா கொடுத்தாயிற்று. மேட்ச் என்றால் பாலவாக்கத்திலிருந்துகூட வருகிற உறுப்பினர்கள், பொதுக்குழு என்றால் ஏழு பேருக்கு மேல் வருவதில்லை. வந்தால் தன் தலையில் கட்டிவிடுவார்கள் என்று பயம். பாதிப் பேராவது வராத கூட்டம் செல்லாது என்று எழுதிவைத்த புண்ணியவானும் நான்தான்.

போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் கோல்கீப்பரிடம் கத்தினேன்: “இதுலேர்ந்து வெளிய வர வழியே இல்லையா?”

“இன்னா சார், நீங்கதான எழுதினீங்க? ஒரு ஓட்டகூட இல்லாம எழுதிக்கீறீங்க” என்றான்.

முப்பது வருஷத் தொழிலில் நான் ஓட்டையில்லாமல் எழுதியது அது ஒன்றுதான்.