வராண்டாவில் பழகிய முகம்

சித்தப்பாவைச் சித்தியின் கண்ணெதிரே குத்திக் கொன்றதாகப் பிடிபட்டு, ஜாமீனில் வந்தவனோடு, இஸ்திரிக் கடை வைத்திருக்கும் என் சித்தி பன்னிரண்டு வருடம் ஒரே நீதிமன்ற வராண்டாவில் காத்திருந்தாள். கூட்டமான நாட்களில் அவனே நகர்ந்து இடம் கொடுப்பான்: “உக்காருங்கக்கா.”

“இந்தக் கேசுக்கு வயசாயிடுச்சும்மா, சீக்கிரம் கட்டிக் கொடுத்துடுங்க” என்று டவாலி கிண்டலடிப்பார்.

குடும்பத்தின் முதல் பட்டதாரியான நான், வழக்கை விரைந்து முடிக்கச் சொல்லி மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டேன். மனு எழுதத் தெரிந்தால் நியாயமும் வந்துவிடும் என்று நம்பினேன். உத்தரவு கிடைத்தது. ஒரே சாட்சியான சித்தி கூண்டேறி அவனைக் கைகாட்டினாள்.

அவன் வக்கீல் சிரித்தார். “ஏம்மா, இது கொலை நடந்தப்போ பார்த்த முகமா, இல்ல இந்த வராண்டாவுல பார்த்துப் பழகின முகமா?”

சித்திக்குப் பொய் வராது. “கண்ணை மூடினா வராண்டாவுல பார்த்த முகந்தாங்க வருது.”

மறுவாரம், சந்தேகத்தின் பலனை அளித்து அவனை விடுவித்தார்கள். “வரேன்க்கா” என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினான்.

சித்தி என் கையைப் பிடித்தாள். “அப்ப உங்க சித்தப்பாவைக் கொன்னது இவன் இல்லையாடா?”

இவன்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். நானும் அவனை முதன்முதலில் பார்த்தது அந்த வராண்டாவில்தான்.