லாட்ஜ் என்று எழுதப்பட்ட வீடு

கிரிவலப் பாதையிலிருந்து பிரியும் சந்தில் எங்கள் வீடு. பௌர்ணமிக்கு மலை சுற்ற வருகிறவர்கள் வெறுங்காலோடு நடப்பார்கள், செருப்பை எங்கேயாவது விட்டாக வேண்டும். என் வீட்டுக்காரர் இருந்த காலத்திலிருந்தே எங்கள் கேட்டுக்குள் விட்டுவிட்டுப் போவது வழக்கம். சுற்றி முடித்துத் திரும்பும்போது கால் வலி தாங்காமல் சிலர் வராந்தாவிலேயே கொஞ்சம் படுத்துவிடுவார்கள். நான் தண்ணீர் கொண்டுவந்து வைப்பேன். பேச மாட்டேன், புது மனிதர்களிடம் எனக்கு வாய் வராது. எழுந்து போகிறவர்களில் சிலர் மாடத்து விளக்குக்கு எண்ணெய் வாங்கிக்கொள்ளச் சொல்லிச் சில்லறை வைப்பார்கள். வேண்டாம் என்று சொல்லவும் எனக்குக் கூச்சம்.

அப்படி ஒரு காலையில் பைக்கில் ஒருவர் வந்து இறங்கினார். கேட்டிலிருந்து படி வரைக்கும் செருப்பு, வராந்தா முழுக்க ஆட்கள். அவரையும் மலை சுற்றியவர் என்றே நினைத்துச் சொம்பை நீட்டினேன். வாங்கிக் குடித்தார். பிறகு போனை எடுத்து வாசலைப் படம் பிடித்தார், தூங்குகிறவர்களைப் படம் பிடித்தார். ஒரு வார்த்தை கேட்கவில்லை. பைக் சத்தம் சந்து முனையில் மறைந்த பிறகும் எனக்கு என்னமோ போல இருந்தது.

கொஞ்ச நாளில் வீட்டு வரி ஆபீஸிலிருந்து நோட்டீஸ் வந்தது. ஐந்தாவது வரை படித்தவள் நான், எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பேன். பாதியில் பயம் வந்து பக்கத்து வீட்டு மருமகளிடம் கொடுத்தேன். அவள் பத்திர ஆபீஸ் எதிரில் மனு டைப் அடிப்பவள்.

“பெரிம்மா, உங்க வீட்ட லாட்ஜுனு போட்டுட்டாங்க. எனக்கு ஒரு ஏசி ரூம் குடுங்க, எங்க மாமியார் தொல்ல தாங்கல.”

நான் சிரிக்காததைப் பார்த்ததும் அவள் கேலியை நிறுத்திக்கொண்டாள்.

“வரி ரொம்ப ஜாஸ்தி ஏத்தி இருக்காங்க. கட்டலன்னா குழாய மூடுவாங்க, அப்புறம் ஜப்தினு வருவாங்க. ஆனா உங்கள விசாரிக்காம முடிவு பண்ணக் கூடாது. மனு போடலாம்.”

போட்டோம். விசாரணைக்கு வரச் சொல்லித் தகவல் வந்தது. அன்றைக்கு அவளுக்கு வேலை, நான் மட்டும் போனேன். மத்தியானம் வரை பெஞ்சில் உட்கார வைத்தார்கள். உள்ளே போனபோது அதிகாரி தலையைத் தூக்கவில்லை.

“ஆளுங்கள தங்க வெக்கிறீங்களா?”

“படுப்பாங்க சார்.”

“காசு வாங்குறீங்களா?”

“எண்ணெய்க்கு வெப்பாங்க…”

“அவ்ளோதாம்மா. இதுல கையெழுத்து போடுங்க.”

ஒரு தாள் என் பக்கம் வந்தது. நான் அதைக் கையில் எடுத்து எழுத்துக் கூட்ட ஆரம்பித்தேன்.

பக்கத்தில் நின்ற கிளார்க், “பாட்டி, நீங்க படிச்சு முடிக்கிறதுக்குள்ள அடுத்த பௌர்ணமி வந்துடும்” என்றார்.

வாடகைக்கு ஆட்களைத் தங்க வைப்பதை நான் நேரில் ஆஜராகி ஒப்புக்கொண்டேன் என்று அதில் டைப் அடித்திருந்தது. கீழே சீலும் குத்தியாகிவிட்டது. நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோதே உள்ளே நான் பேசி முடித்திருக்கிறேன். வரியை நினைத்துக்கூட நான் அவ்வளவு பயந்ததில்லை. தாளை மேஜையில் வைத்து அதிகாரி பக்கம் திருப்பினேன்.

“இதுல எண்ணெய்னு இல்லீங்களே.”

“என்னம்மா?”

“நான் எண்ணெய்னு சொன்னேங்க. இதுல வாடகைனு இருக்குது. நான் சொன்னத எழுதுனா போடுறேன்.”

“ரெண்டும் ஒண்ணுதாம்மா.”

“இல்லீங்க.”

என் குரல் எனக்கே கேட்கவில்லை. அவருக்குக் கேட்டிருக்க வேண்டும், முதல் தடவையாக என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபம் ஒன்றும் இல்லை. பேனாவை மூடிப் பையில் சொருகினார்.

“சரி, போங்க. ஆளுங்க வருவாங்க.”

எதற்கு வருவார்கள் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.

சாயங்காலம் பக்கத்து வீட்டுப் பெண் ஓடி வந்தாள். “கையெழுத்து போட்டீங்களா பெரிம்மா?” இல்லை என்றேன். அவள் நேரே குழாயடிக்குப் போனாள். என்னோடு நின்று குழாயிலிருந்து அண்டாவை நிரப்பிக் கொடுத்துவிட்டுப் போனாள்.

அதிலிருந்து தண்ணீர் வருகிற நேரமெல்லாம் நிரப்பி வைக்கிறேன். குடம், பக்கெட், சாம்பார் வைக்கிற குண்டான் கூட. சந்துக்குள் பைக் சத்தம் கேட்டால் குழாயை மூடிவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டு நிற்கிறேன். இதுவரை எல்லா பைக்கும் எங்கள் வீட்டைத் தாண்டித்தான் போயிருக்கிறது.