பாதி ஜனாதிபதி

சுவிஸில் நம்மவர் ஒருவருக்கு அறுபது வயது வந்தால் பொன்னாடை வரும், மூன்று தட்டுக் கேக் வரும், கூடவே நானும் வருவேன். கிழமை நாட்களில் ஃப்ரிபூர்க் ஆஸ்பத்திரி ஒன்றின் சமையலறையில் தட்டுக் கழுவும் இயந்திரத்தோடு மட்டும் கதைப்பவன், சனிக்கிழமை கோட் போட்டால் அறிவிப்பாளன். என் தொழில் இரகசியம் மிகச் சின்னது. மேடைக்கு வருபவர் யாராக இருந்தாலும் ஒரு உலகத் தலைவரோடு ஒப்பிட்டுவிடுவேன். ஒப்பிடாவிட்டால் நம் சபைக்குப் பேச்சுக் கேட்டது போலவே இராது. சிறை போனவர்களில் இருந்து சந்திரனில் கால் வைத்தவர்கள் வரை எல்லோரையும் கடை திறந்தவர்களுக்கும் பென்ஷன் எடுத்தவர்களுக்குமாகச் செலவழித்து முடித்திருந்தேன்.

சென்ற ஆண்டு சோலோதுர்னில் இருக்கும் என் பள்ளித் தோழனுக்கு அறுபது வந்தது. உணவகம் உணவகமாகக் கோப்பை கழுவித் தொடங்கி, ஒரு ஹோட்டலின் தலைமைச் சமையல்காரனானவன். விழாவுக்கு முன் தொலைபேசியில் அழைத்தான்.

"மச்சான், பகிடி விடு, பரவாயில்லை. ஆனா என்ர பிள்ளையள் ஒருக்கால் என்னை நிமிர்ந்து பாக்கவேணும். அவைக்கு நான் எண்ணெய் மணக்கிற ஆள், அவ்வளவுதான்."

"நீ யோசியாதை. உன்னை மலையில ஏத்திவிடுறன்."

ஏற்றுவதற்கு ஆள் தேடியது விழாவன்று காலை, ரயிலில்தான். அமெரிக்காவின் ஏழாவது ஜனாதிபதியைப் பற்றி ஒரு காணொளி கிடைத்தது. காட்டோரக் குடியேற்றத்தில் பிறந்தவர். பிறக்கும் முன்பே தகப்பன் இல்லை. பதின்மூன்று பதினான்கு வயதுக்குள் தாயும் இல்லை. சிறை பிடித்த பிரிட்டிஷ் அதிகாரியின் சப்பாத்தைத் துடைக்க மறுத்து வாள்வெட்டு வாங்கியவர். பிறகு வழக்கறிஞர், நீதிபதி, படைத்தளபதி. ஒற்றைக்கொற்றைச் சண்டையில் நெஞ்சில் பாய்ந்த குண்டை எடுக்க முடியாமல் அதோடேயே வாழ்ந்தவர். இப்படிப்பட்ட ஆளை இத்தனை காலம் எப்படித் தவறவிட்டேன் என்று என்மேலேயே கோபம் வந்தது. பேர்னில் ரயில் மாறினேன். அவர் தேர்தலில் வென்றார், சோலோதுர்ன் வந்துவிட்டது, இறங்கிவிட்டேன். ஆட்சிக்காலம் முழுவதும் ரயிலிலேயே தங்கிவிட்டது.

தேவாலய மண்டபம் நிறைந்திருந்தது. நான் பொழிந்து தள்ளினேன்.

"அவருக்கு நெஞ்சில குண்டு! எங்கட நாயகனுக்குப் பித்தப்பையில கல்லு! அவர் வெள்ளைக்காரன்ர சப்பாத்துத் துடைக்கேல்லை! இவரும் துடைக்கேல்லை, கோப்பை மட்டும்தான் கழுவினவர்!"

சபை குலுங்கியது. தோழன் பொன்னாடைக்குள் வெட்கப்பட்டுச் சிரித்தான். கடைசியாகக் குரலை உயர்த்தி, "காட்டில பிறந்து நாட்டை ஆண்ட அந்த மாமனிதர்தான் இண்டைக்கு எங்கட முன்னால நிக்கிறார்!" என்றேன். கைதட்டல்.

அது அடங்கியதும் முன்வரிசையில் அவனுடைய மகள் கையை உயர்த்தினாள். இங்கேயே பிறந்தவள்; உயர்பள்ளியில் வரலாறு படிப்பிப்பவள்.

"மாமா, அவர் ஜனாதிபதியா வந்தாப் பிறகு என்ன செய்தவர்?"

தெரியாது என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ஆனால் கையில் ஒலிவாங்கி இருக்கும்போது எனக்கு அந்த வார்த்தை வராது.

"பிறகென்ன பிள்ளை, சனத்தைத் தன்ர பிள்ளையள் மாதிரிப் பாத்தவர்!"

"இல்லை மாமா. அங்க காலங்காலமா இருந்த பழங்குடிச் சனத்தை அவையின்ர நிலத்தில இருந்து எழுப்பச் சட்டம் கொண்டுவந்தவர். குழந்தை குட்டியோட நடக்க வைச்சவை. வழியில ஆயிரக்கணக்கில செத்தவை. அவரிட்ட அடிமையளும் இருந்தவை. அப்பாவை ஏன் அந்த ஆளோட சேர்க்கிறியள்?"

மண்டபத்தில் இருந்தவர்களில் பாதிப்பேர் தொண்ணூற்றைந்தில் போர் துரத்த யாழ்ப்பாணத்தை விட்டு ஊரோடு ஊராக மழையில் நடந்தவர்கள். என் தோழன் தாயைச் சைக்கிள் கரியரில் வைத்து உருட்டியவன். நான் அதற்கு முன்பே விமானம் ஏறி, இங்கே சீஸ் உருக்கிச் சாப்பிடப் பழகிக்கொண்டிருந்தவன். நடந்தவனை, நடக்க வைத்தவனோடு ஒப்பிட்டிருக்கிறேன். அதுவும் அவன் பிள்ளைகள் முன்னால், அவனே கேட்டுக்கொண்ட பேச்சில். காது இரண்டும் அடுப்பில் வைத்ததுபோல் சுட்டன. ஒரு பகிடி தேடினேன். ஆயுளில் முதல் தடவையாக ஒன்றும் அகப்படவில்லை.

தோழன் என் கையிலிருந்து ஒலிவாங்கியை வாங்கினான்.

"பிள்ளை சொல்லுறது சரி," என்றான். "நானும் நடந்தனான். அப்பம்மாவைச் சைக்கிளில வைச்சு. பாலத்தில நெரிசல். ஒரு அடி வைக்க..." நின்றான். ஒலிவாங்கியை மற்றக் கைக்கு மாற்றினான். "சாவகச்சேரிக்குப் போய்ச் சேரேக்க அவ கதைக்கேல்லை. நித்திரை எண்டுதான் நான் நினைச்சனான்."

அவனுக்குப் பேசவே வராது. சொன்னதையே திரும்பச் சொன்னான், இடையில் ஜெர்மனில் ஒரு வார்த்தை போட்டான். ஒப்பீடு ஒன்றும் இல்லை. ஆனால் மகள் எழுந்து மேடைக்கு வந்தாள். எந்நேரமும் கைபேசியில் குனிந்திருக்கும் மகனும் பின்னால் வந்தான்.

"ஏனப்பா இதை ஒருநாளும் சொல்லேல்லை?" என்றாள் மகள்.

"எங்க விட்டவன்? எல்லாக் கொண்டாட்டத்திலயும் இவனெல்லோ கதைக்கிறவன்," என்று ஒலிவாங்கியிலேயே சொல்லி என்னைக் காட்டினான் தோழன்.

மண்டபம் வெடித்துச் சிரித்தது. அத்தனை வருட அறிவிப்பில் நான் வாங்கிய ஆகப் பெரிய சிரிப்பு அதுதான். நானும் பல்லைக் காட்டினேன். வேறு எதைக் காட்டுவது?

கேக் வெட்டிய பிறகு, மன்னிப்புக் கேட்பதற்காக அவன் மேசையடிக்குப் போனேன். பிள்ளைகள் இருவரும் கதிரையை இழுத்துப் போட்டு அவனைச் சுற்றி இருந்தார்கள். மகன், "பிறகு எந்த ஊரில இருந்தனீங்கள்?" என்று கேட்டுக்கொண்டிருந்தான்.

"மச்சான், குறை நினையாதை..." என்று தொடங்கினேன்.

தோழன் என்னைப் பார்க்கக்கூட இல்லை. "பிறகு கதைப்பம். பெடியன் ஏதோ கேக்கிறான், நீ குறுக்கால நிக்காதை."

தள்ளி நின்றேன்.