கோர்ட்டுச் சுவரில் அம்மா பெயர்

எங்கள் பெரியப்பாவுக்குப் பொய் சொல்ல வராது. அவருடைய அந்த நல்ல குணத்தாலேயே முதலியார்பேட்டையில் நாங்கள் குடியிருந்த வீடு கைவிட்டுப் போகப் பார்த்தது.

அந்த மனை அம்மாவுக்கு அவளுடைய அப்பா கொடுத்தது. என் அப்பா சைகோனில் சம்பாதித்து அதில் வீடு கட்டினார். அவர் இறந்த மறு வருஷமே பங்காளி ஒருவர், வீட்டில் தனக்கும் பாதி உண்டென்று கிளம்பினார். விட்டுக்கொடுத்துவிட்டுப் போ என்று தெருவே சொன்னது. அம்மா கோர்ட்டுக்குப் போனாள். வைத்த வக்கீலோ, ஊரில் பிரெஞ்சுக் கொடி இறங்கி இந்தியக் கொடி ஏறிய பிறகு தனக்கு இங்கே என்ன வேலை என்று குடும்பத்தோடு பிரான்சுக்குக் கப்பலேறிவிட்டார். கேஸ் என்றைக்கு வருகிறது என்று இனி நாங்களே போய்ப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். வாயிதாவுக்கு ஆள் நிற்காவிட்டால் கேஸைத் தள்ளிவிடுவார்கள். வீடும் அதோடு சரி.

பார்க்கும் பொறுப்பைப் பெரியப்பா எடுத்துக்கொண்டார். அந்த வாரத்து விசாரணைப் பட்டியலைத் தட்டச்சு செய்து கோர்ட்டு வாசலில் கம்பிவலை போட்ட பலகையில் ஒட்டியிருப்பார்கள். கொடி மாறி, தபால்தலையும் மாறியிருந்தது. கோர்ட்டுக்கு மட்டும் யாரும் தகவல் சொல்லவில்லை போலும். அங்கே எல்லாம் பிரெஞ்சில்தான். பெரியப்பாவுக்கு அது ஓர் எழுத்தும் தெரியாது. திங்கட்கிழமைதோறும் சைக்கிளில் போய் வாசலில் நிற்கும் சேவகரைக் கேட்டுக்கொண்டு வருவார். துண்டால் முகத்தைத் துடைத்தபடி, "நல்லா பாக்கச் சொன்னேம்மா. தம்பி பேரு இல்ல" என்பார். அது சத்தியமான வார்த்தை.

ஒருநாள் தெருக்குழாயில் பங்காளியின் மனைவி, "வியாழக்கெழம எங்களுக்கு கோர்ட்டு" என்று யாரிடமோ சொன்னது அம்மா காதில் விழுந்தது. அவர்களுக்கு வியாழக்கிழமை என்றால் எங்களுக்கு மட்டும் எப்படி இல்லாமல் போகும்? அம்மா குடம் நிரம்பும் வரைகூட நிற்கவில்லை.

"பொம்பளைங்க போற எடமாம்மா அது?" என்றார் பெரியப்பா.

"போறது என் வீடுதான மாமா? நானே பாத்துட்டு வரேன்" என்றாள் அம்மா.

என்னையும் கூட்டிக்கொண்டாள். நான் கன்னியர் மடத்துப் பள்ளியில் பிரெஞ்சு படித்துக்கொண்டிருந்தேன். வயது பத்து; கர்வம் மட்டும் இருபது வயதுக்கு இருந்தது. கோழியைக்கூடப் பிரெஞ்சில்தான் விரட்டுவேன். பெரிய வாய்க்காலைத் தாண்டி வெள்ளைக்காரத் தெருவுக்குள் நுழைந்ததும், அம்மாவுக்கே வழி காட்டுகிறவள்போல முன்னால் நடந்தேன்.

பலகைக்கு எதிரில் நின்றதும் அந்தக் கர்வம் இறங்கியது. மேலிருந்து கீழே பார்த்தேன். அப்பா பெயர் இல்லை. கீழிருந்து மேலே பார்த்தேன். அப்போதும் இல்லை.

"பேரு இல்லன்னா கேசு இல்ல பாப்பா. நவுந்து நில்லு" என்றார் சேவகர்.

எனக்குத் தோற்கப் பிடிக்காது. எதிராளியாவது இருக்கிறாரா பார்ப்போம் என்று பங்காளியின் பெயரைத் தேடினேன். நடுவில் இருந்தது. அவர்மேல் வழக்குப் போட்டவர் யாரென்று அதற்கு முன்னால் படித்தேன். எங்கள் பித்தளை அண்டாவில் வெட்டியிருக்கும் பெயர்!

அம்மாவின் பெயர். பின்னால் அவளுடைய அப்பா பெயர். அதற்கும் பின்னால் விதவை என்று ஒரு சொல் மட்டும்; என் அப்பா பெயர் இல்லை. பிரெஞ்சுக்காரன் பதிவில் பெண்பிள்ளை கல்யாணமானாலும் பிறந்த பெயரோடுதான் இருப்பாள் என்பது எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியவில்லை. பாவம், அம்மா பெயரைத் தேடவேண்டும் என்று பெரியப்பாவுக்கு எப்படித் தோன்றும்? தெருவுக்கு அவள் சைகோன்காரர் வீட்டம்மா. பெரியப்பாவுக்கு வெறும் 'ம்மா'. அவளைப் பெற்றவர்கள் போன பிறகு, அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஆளே கிடையாது.

"அம்மா, உம் பேரு போட்டிருக்கு!" என்று கத்தினேன்.

"எம் பேரா? எம் பேரு எதுக்குடி அங்க?"

கேஸ் நம்பர், வியாழக்கிழமை காலை, எந்த அறை என்று எல்லாவற்றையும் படித்துச் சொன்னேன். சேவகர் குனிந்து பார்த்துவிட்டு, "பாப்பா சொல்றது சரிதாம்மா. வியாழக்கெழம வந்து உள்ள ஒக்காருங்க. மூணு தடவ கூப்புடுவோம், அதுக்குள்ள ஏந்திரிச்சிடணும்" என்றார். அதற்குப் பிறகு நான் வாங்கிய எந்தப் பட்டமும் எனக்கு அவ்வளவு இனித்ததில்லை.

வியாழக்கிழமை பெரியப்பா சலவைச் சட்டை போட்டுக்கொண்டு எங்களோடு வந்தார். கூடத்தில் எங்களைக் கண்டதும் பங்காளியின் முகம் விழுந்துவிட்டது. எங்கள் முறை வந்தது. சேவகர் காகிதத்தைப் பார்த்து அம்மாவின் பெயரை உரக்கக் கூப்பிட்டார். அம்மா எழுந்திருக்கவில்லை. விலாவில் இடித்தேன். மறுபடி கூப்பிட்டார். மடியில் கைகோத்தபடி நேரே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பங்காளி முகத்தில் களை திரும்பியது. "ஏந்திரிம்மா, ஏந்திரி" என்று பெரியப்பா வியர்த்து வழிந்தார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. மூன்றாவது தடவையும் கூப்பிட்டு முடித்த பிறகுதான், முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அம்மா எழுந்தாள்.

"இருக்கேன்" என்றாள். கூடம் முழுக்கக் கேட்டது.

நீதிபதி கேட்டதையெல்லாம் மொழிபெயர்ப்பாளர் தமிழில் கேட்க, ஒரு தடுமாற்றமும் இல்லாமல் பதில் சொன்னாள். தீர்ப்புக்கு இன்னும் சில வாயிதாக்கள் ஆயின. வீடு எங்களிடமே தங்கியது. அம்மா கடைசிவரை அதில்தான் இருந்தாள்.

அன்று திரும்பும் வழியில் அவளைத் தேற்றவேண்டியது என் கடமை என்று நினைத்தேன்.

"பயந்துட்டியாம்மா?"

"பயமா? எனக்கா?"

"அப்பறம் ஏன் மொதல் தடவையே ஏந்திரிக்கல?"

"மூணு தடவ கூப்புடுவாங்கன்னு சொன்னாங்க இல்லடி? மூணையும் கேட்டுட்டு ஏந்திரிக்கலாம்னுதான் இருந்தேன்."

ஒரு தடவை கூப்பிட்டதும் ஓடிவரவில்லை என்று என் காதைத் திருகுகிறவள் பேசுகிற பேச்சா இது? எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. வாய்க்கால் பாலம் வரும்வரை அவளோடு பேசாமலேயே நடந்தேன். அவளோ அதைக்கூடக் கவனிக்காமல், தனக்குள் சிரித்தபடி எனக்கு முன்னால் போய்க்கொண்டிருந்தாள்.