நான் அவருக்குக் கொடுத்த படிப்பு

“படிச்ச பொண்ணு நீ. நான் சொல்றத சொன்னபடி எழுதுவியாங்கறதுதான் சந்தேகமா இருக்கு” என்றார் பெரியவர். காரைக்காலை அடுத்த போலகத்தில் தன் மருமகள் வீட்டுக் கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். எனக்குச் சுருக்கென்றது. எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பள்ளிக்கூடம் போனவள் நான்; அப்போது கல்லூரியில் இருந்தேன். “எழுதாம பின்ன என்ன தாத்தா?” என்றேன், கொஞ்சம் மிடுக்காகவே.

எண்பதுகளின் தொடக்கம் அது. ஊமைப்படக் காலத்தில் நடித்து, இரண்டு படங்களை இயக்கியும் இருந்தவர் அவர். எங்கள் வட்டாரத்தைத் தாண்டி யாருக்கும் அவரைத் தெரியாது. சென்னை சினிமா மாத இதழ் ஒன்றுக்கு அவரைப் பற்றி எழுதிக் கேட்டேன். கட்டுரை அனுப்பச் சொன்னார்கள்.

மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் பேசினார். நாடகக் கம்பெனியோடு சென்னை போனது, குதிரையிலிருந்து குதிக்க ஆள் கிடைக்காத அன்று தானே குதித்து நடிகரானது, வெயில் சாய்வதற்குள் படம் பிடிக்க வேண்டுமென்று நின்றபடியே சோறு தின்றது. படங்களில் ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை.

“எனக்கு எழுத்து தெரியாது பாப்பா. அத மொதல்ல எழுதிக்க” என்றார்.

காட்சிகளைக் கரியால் சுவரில் வரைந்து நடிகர்களுக்குக் காட்டுவாராம். படத்துக்கு நடுவில் வரும் எழுத்து அட்டைகளை வேறொருவர் எழுதுவார். இவர் அதை இரண்டு பேரிடம் தனித்தனியாகக் கொடுத்துப் படிக்கச் சொல்வார். “ரெண்டு வாயும் ஒண்ணயே சொன்னாத்தான் அட்டை படத்துக்குள்ள போவும்.” படங்கள் பேசத் தொடங்கியதும் அந்தச் சாமர்த்தியம் செல்லவில்லை. “வசனத்த கத்தையா கையில குடுத்தாங்க. எது தலை, எது காலுன்னு தெரியல. பொறப்பட்டு வந்துட்டேன்.”

இதை என்னால் எழுத முடியவில்லை. என் அப்பாவும் கைநாட்டுதான். கல்லூரி விண்ணப்பத்தில் அவருடைய படிப்பைக் கேட்ட இடத்தில் ‘ஐந்தாம் வகுப்பு’ என்று நானே நிரப்பியிருந்தேன். அதே கைதான் பெரியவரையும் ‘காரைக்கால் பிரெஞ்சுப் பள்ளியில் பயின்றவர்’ என்று எழுதியது. ‘பேசும் படத்துக்குக் குரல் ஒத்துவராததால் விலகினார்’ என்றும் எழுதியது. அவருக்கு மரியாதை சேர்த்துவிட்டதாகத்தான் நினைத்தேன்.

இதழ் வந்தது. அப்பா அதைத் தான் வேலை பார்த்த ஐஸ் கம்பெனிக்கு எடுத்துப்போய் எல்லோரிடமும் என் பெயரைக் காட்டிவிட்டு வந்தார். நான் போலகத்துக்கு ஓடினேன். மருமகள் வாசலிலேயே, “வாங்க டீச்சரம்மா, நல்லா பாடம் எடுத்திருக்கீங்க” என்றாள். இதழ்க்காரர்கள் அவருக்கும் ஒரு பிரதி அனுப்பியிருந்தார்கள். “நேத்து நான்தான் படிச்சேன். மாமா நம்பல. தபால்காரர நிறுத்தி வச்சுப் படிக்கச் சொன்னாங்க. அவரும் இதையேதான் படிச்சாரு.”

“என் தொண்டைக்கு என்ன கேடு?” என்று உள்ளிருந்து கத்தினார் பெரியவர். தெருவில் ஆட்டை ஓட்டிப் போனவள் திரும்பிப் பார்த்தாள். கிட்டே போனதும் குரல் இறங்கியது.

“எழுத்து தெரியாதவன் ரெண்டு படம் எடுத்தான். இதுல உனக்கு எது வெக்கம்?”

கையிலிருந்த இதழைப் பின்னால் மறைத்துக்கொண்டேன்.

“படிச்சவன் எடுத்தா அதுல என்னம்மா இருக்கு? படமும் போயிடுச்சு. இது ஒண்ணுதான் எங்கிட்ட இருந்துச்சு. இதையும் எடுத்துட்டியே.”

திரும்பும் பஸ்ஸில் இதழின் அட்டை வெளியே தெரியாதபடி மடித்து மடியில் வைத்துக்கொண்டேன். வீட்டில் அப்பா இன்னொரு பிரதி வாங்கலாமா என்று கேட்டார். அவர் முகத்தைப் பார்க்கவும் கூசியது.

மூன்றாம் நாள் இதழுக்குக் கடிதம் எழுதினேன். அந்த இரண்டு வரிகளும் என் கற்பனை. அவருக்கு எழுத்து தெரியாது. தெரியாமலேதான் இரண்டு படங்களை இயக்கினார். வசனத்தாளைப் படிக்க முடியாமல்தான் ஊர் திரும்பினார். என்னுடைய இன்னொரு கட்டுரையை அவர்கள் ஏற்றுக்கொண்டிருந்தார்கள். அதற்கு முன்னால் இதை வெளியிடுங்கள், பிறகு அந்தக் கட்டுரை வேண்டாமென்று தோன்றினால் திருப்பி அனுப்பிவிடுங்கள் என்று சேர்த்தேன்.

பதிவுத் தபாலில் அதைச் சேர்த்துவிட்டு, கடிதத்தின் நகலோடு போலகம் பஸ்ஸில் ஏறினேன்.