அக்கா சொன்ன வீதி

அந்தப் படத்தில் பாதிக்கு மேல் ரோடுதான். மேலே சரிவில் ஒரு சின்ன வீடு, பின்னால் ஏலத்தோட்டம், கீழே வளைந்து இறங்கும் தார்ச்சாலை, அதன் ஓரத்தில் லுங்கியை மடித்துக் கட்டிய ஓர் ஆள். பஸ்ஸுக்கு நிற்கும் யாரோ என்று நினைத்துக்கொண்டேன். போடிமெட்டுப் பக்கம் ஹோம்ஸ்டே தொடங்கவிருந்த ஓர் அக்கா, தன் வலைத்தளத்தின் முகப்புக்கென்று அனுப்பிய ஒரே படம் அது. வடகரப்பதியில் வீட்டிலிருந்தே வலைத்தளங்கள் செய்துகொடுப்பவள் நான். அந்த அக்காவின் குரலைப் போனில் கேட்டிருக்கிறேனே தவிர நேரில் பார்த்ததில்லை.

எனக்குப் பொறுமை என்பதே கிடையாது. என் கம்ப்யூட்டர் திரைக்குப் பொருந்தும்படி படத்தின் அகலத்தை இத்தனை பிக்சல் என்று எழுதிவிட்டு எழுந்துவிட்டேன். அக்காவின் போனில் அது திரையைத் தாண்டி வழிந்தது. மறுநாளே கூப்பிட்டார்.

"தங்கச்சி, வீதி ரொம்பக் கூடுதலா இருக்கு. கொஞ்சம் கொறைச்சுப் போட்டுரு."

"சரிங்க்கா, கொறைச்சுடறேனுங்க."

எங்கள் பக்கத்தில் வீதி என்றால் தெரு. இத்தனை ரோடு எதற்கு என்று எனக்கும் உறுத்திக்கொண்டுதான் இருந்தது. பக்கத்தின் தோற்றத்தைத் தீர்மானிக்கும் சி.எஸ்.எஸ். வரிகளில் படத்தின் உயரத்தைக் குறைத்து, அதற்குள் அடங்காத கீழ்ப்பகுதி மறையும்படி எழுதினேன். ரோடு போயிற்று, வீடு மட்டும் பளிச்சென்று நின்றது. கொஞ்சம் கர்வமாகக்கூட இருந்தது.

சாயங்காலம் மறுபடி போன்.

"தங்கச்சி, அவர எங்க?"

"யாருங்க்கா?"

"ரோட்டுல நின்னாரே, எங்க வீட்டுக்காரரு. வீட்டக் கட்டி முடிச்சிட்டு நின்னாரு. பால் காய்ச்சுறதுக்குள்ள போய்ட்டாரு. நான் வீதியத்தான கொறைக்கச் சொன்னேன்?"

"வீதியத்தானுங்க்கா கொறைச்சேன்."

அப்புறம்தான் விளங்கியது. அக்கா மலையாளப் பள்ளிக்கூடத்தில் படித்தவர். அவருக்கு வீதி என்றால் அகலம், தெரு என்றால்தான் தெரு. படம் எடுத்த போன் செத்துப்போய்விட்டது, வேறு பிரதி இல்லை என்று சொல்லும்போதே அழுதுவிட்டார். படத்தை வெட்டவில்லை, மறைத்துத்தான் வைத்திருக்கிறேன் என்று நன்றாகத் தெரியும். இருந்தும் படக் கோப்பைத் திறந்து அவரைத் தேடினேன். இருந்தார்.

"போகலைங்க்கா, மறைஞ்சுதான் இருக்காருங்க" என்று சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டேன். அகலம் திரையின் முழு அளவு, உயரம் அதற்கேற்பத் தானாக என்று இரண்டு வரிகளை மாற்றினேன்.

அக்கா தன் போனில் திறந்து பார்த்தார். பிறகு, "வீதி சரியா இருக்கு. ஆளுதான் சின்னதாப் போய்ட்டாரு. வெரல வச்சுப் பெருசாக்கிப் பாத்துக்கிடுதேன்" என்றார்.

இப்போது எல்லோருக்கும் முகப்புப் படம் திரையை நிறைத்து நிற்க வேண்டும். ஒரு போனில் தெரியும் ஓரம் இன்னொன்றில் தெரியாது. எனக்கு இருப்புக்கொள்வதில்லை. ஓரத்தில் நிற்பது யார் என்று கேட்டு வாடிக்கையாளர்களை எரிச்சல்படுத்துகிறேன். போன வாரம் அக்காவே கூப்பிட்டார். வீடு பெரிதாகத் தெரிந்தால்தான் ஆட்கள் வருவார்கள் என்று மகன் நச்சரிக்கிறானாம்.

"அவன் சொல்லுத மாதிரியே போட்டுரு தங்கச்சி" என்றார். போனை வைத்துவிட்டார் என்றே நினைத்தேன். வைக்கவில்லை.

"மறைச்சா போதும். வெட்டிராத."